நாற்பத்து மூன்றாவது தடவை

தூத்துக்குடியில் இரண்டு பேர் ஒரே படத்தைப் பார்த்து முப்பத்தைந்து வருடம் ஆகிவிட்டது. வீட்டுக்கு வீடு நெய்திரை. பார்ப்பவரின் நாடியையும் கண்ணசைவையும் படித்து, அவருக்குப் பிடித்த மாதிரி அந்த நொடியிலேயே ஒரு படத்தை நெய்து காட்டும். மாமியாருக்கு ஒரு முடிவு, மருமகளுக்கு வேறு முடிவு. சண்டையே இல்லை, பேசிக்கொள்ளவும் ஒன்றுமில்லை.

இந்தக் காலத்தில் போய் ஜெசிந்தா கேமராவோடு அலைந்தாள். தயாரிப்பாளர் கிடையாது. இதுவரை இரண்டு படம், பதினொரு பாட்டு; பார்க்கத்தான் ஆளில்லை. பன்னிரண்டாவது, உப்பளத்துப் பெண்களை வைத்து நான்கு நிமிடப் பாட்டு. ஒரே ஷாட். அதற்கு நாற்பத்திரண்டு முறை "ஒன் மோர்" என்றாள். நாற்பத்து மூன்றாவது தடவை, கூடை சுமந்த பெண் நிஜமாகவே வழுக்கி விழுந்து, விழுந்த இடத்திலேயே சிரித்துவிட்டாள். ஜெசிந்தா "ஓகே" என்றாள்!

ஒளிப்பதிவாளன் இஸ்மாயிலுக்கு "ஒன் மோர்" என்று கேட்டாலே தோள்பட்டை வலிக்கும். எரிச்சல் பொத்துக்கொண்டு வரும். ஆனால் அடுத்தது முந்தியதைவிட நன்றாக வந்து தொலைக்கும். இப்படி ஒரு மனுஷியோடு இருபது வருடம் வேலை பார்த்ததில் அவனுக்கு அத்தனை பெருமை. அவளிடம் மட்டும் சொன்னதில்லை.

நெய்திரை நிறுவனம் அவளை வேலைக்கு அழைத்திருந்தது. முகபாவங்களைத் தரம்பிரிக்கும் வேலை.

பாட்டை ஊருக்குப் போட்டுக்காட்ட, உப்பளத் தொழிலாளர் சங்க மண்டபத்தில் திரை கட்டும்போது ஜெசிந்தா சொன்னாள்: "பாதிப் பேரு எந்திரிச்சுப் போயிட்டாவன்னா, நாளைக்கே அந்த வேலையில சேந்துருதேன். கேமராவ நீயே வச்சுக்கோ."

"சும்மா இருங்கக்கா. ஒருத்தரும் போவமாட்டாவ." சொல்லிவிட்டு, போய் மண்டபத்தின் பின்கதவைப் பூட்டிவைத்தான்.

பாட்டு ஓடியது. சனங்கள் நெளிந்தார்கள், கண்ணைச் சிமிட்டிப் பார்த்தார்கள். படம் மாறவில்லை. பிறகு அந்தப் பெண் வழுக்கி விழுந்தாள். மண்டபமே சிரித்தது. பக்கத்தில் இருப்பவரும் அதே இடத்தில் சிரிப்பதைக் கண்டு திகைத்து, ஒருவரை ஒருவர் பார்த்து மறுபடி சிரித்தார்கள்.

முடிந்ததும் பின்வரிசையில் ஒரு கிழவர் கத்தினார்: "ஒன்ஸ் மோர்!" மண்டபம் முழுக்க அதைப் பிடித்துக்கொண்டது.

ஜெசிந்தாவின் முகம் வெளுத்தது. "ஒன் மோருங்காவளே! எங்க தப்பாப் போச்சு?"

தியேட்டர் ஆபரேட்டர் மகனான இஸ்மாயிலுக்குக் கண்ணில் நீர் முட்டியது. "ஐயோ அக்கா! பிடிச்சுப்போச்சாம். திரும்பப் போடச் சொல்லுதாவ. அந்தக் காலத்துத் தியேட்டர்ல இப்படித்தான் கேப்பாவன்னு எங்க வாப்பா சொல்லிருக்காவ!"

ஐந்து தடவை போட்டார்கள்.

மறுநாள் ஊரே தன் நெய்திரையிடம் "ஒன்ஸ் மோர்" கேட்டது. எல்லா வீட்டிலும் ஒரே பதில்: "மன்னிக்கவும். நெய்ததை நாங்கள் வைத்துக்கொள்வதில்லை. புதிதாக ஒன்று தரட்டுமா?"

சாயங்காலம், அவளை வேலைக்கு அழைத்த அதிகாரியே வாசலில் வந்து நின்றார். கண் சிவந்திருந்தது.

"என் மக பொறந்த அன்னிக்கு நெய்திரையில ஒரு படம் பார்த்தேன் மேடம். கதைய நான் சொல்றேன். நீங்க எடுத்துத் தரணும்."

உட்காரவைத்தாள். அவர் தட்டுத்தடுமாறி, நடுவில் மறந்து, ஒருவழியாகச் சொல்லி முடித்தார்.

இஸ்மாயில் தோளைத் தடவிக்கொண்டான்.

"ஒன் மோர், சார்," என்றாள் ஜெசிந்தா.