பதிலுக்கு விட்ட இடம்

யுகேந்திரன் தப்பான இடத்தில் சிரித்தான்.

தாமரை இன்னும் வாயே திறக்கவில்லை. பிரிக்பீல்ட்ஸ் கடைவீட்டு மாடியறையில், பட்டப்பகலில் திரைச்சீலையை இழுத்துவிட்டு, கேமராவுக்கு முன் நாற்காலியில் உட்கார்ந்து, எதிரே டிவியில் தெரிந்த தன் புருஷன் யுகேந்திரனையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவனுடைய புது வீடியோ படைப்பு இது. கிள்ளானில் ஒரு காலி வீட்டில் ஏழு நாள் தனியாக இருந்து, கேமராவிடம் பேசி, ஒவ்வொரு பேச்சுக்கும் பிறகு பத்து விநாடி இடைவெளி விட்டிருக்கிறான். அந்த இடைவெளியில் அவள் பதில் சொல்ல வேண்டும். கண்காட்சியில் இரண்டு திரைகளும் எதிரெதிரே நிற்கும். தனித்தனியாக இருந்த இருவர் பேசிக்கொள்வதுபோல் தெரியும்.

ஆனால் அந்தப் பத்து விநாடியும் அவன் சும்மா இல்லை. யாரோ சொல்வதைக் கேட்டுத் தலையாட்டினான். வெட்கப்பட்டான். ஐந்தாம் நாள் வீடியோவில், "நீ சொன்னா சரிதான்மா," என்று குழைந்தான். ஒன்பது வருஷக் குடித்தனத்தில் அவளிடம் இந்தக் குரல் வந்ததே இல்லை.

போன் போட்டாள்.

"கிள்ளான் வீட்டுல உங்ககூட யாரு இருந்தா?"

"தனியாதான் இருந்தேன் லா. உனக்கு வேற வேலை இல்ல? சாப்பாடு கட்டிக்கிட்டு வரேன், இரு."

வைத்துவிட்டான். இந்தச் சலிப்புதான் இவளுக்கு. குழைவெல்லாம் எவளுக்கோ.

ஏழாம் நாளை ஓட்டினாள். அடைத்த அறைக்குள் ஈரத் தலைமுடியின் வாடை வந்தது, கீழே ரோட்டில் மோட்டார் சத்தம் ஒவ்வொன்றாய் அடங்கியது, குளிரூட்டும் ஏர்கோனின் உறுமலுக்கு அடியில் இன்னொரு மூச்சு மெதுவாக ஏறி இறங்குவதுபோலிருந்தது. திரையில் அவன் கண்கள் இவளைப் பார்க்கவில்லை. இவள் தோளுக்குப் பின்னால் பார்த்தன. ஆசையாக.

பயம்தான். ஆனால் பொறாமை அதைவிடப் பெரிதாக இருந்தது. துள்ளி எழுந்தாள்.

"யாருடி நீ? தைரியம் இருந்தா வா! வந்து என் எடத்துல உக்காரு, பாப்போம்!"

திரையில் அவன் பேச்சு நின்றது.

"உக்காரு," என்றான்.

பின்னால், அவள் எழுந்த நாற்காலி கிரீச்சிட்டது.

ஓட நினைத்தாள். கதவுப் பக்கம் திரும்பினாள். கதவு திறந்தது. யுகேந்திரன். கையில் சோற்றுப் பொட்டலம்.

"என்னங்க..."

அவன் திரும்பவில்லை. அவளைத் தாண்டிப் போனான். நாற்காலி முன் மண்டியிட்டான்.

"பசிக்குதா தாமரை?"

பொட்டலத்தைப் பிரித்தான். பிசைந்தான். ஒரு வாய் எடுத்து, யாருமில்லாத நாற்காலிக்கு மேலே நீட்டி, ஊட்டினான்.

சோறு கீழே விழவில்லை.