கரடிப்பொடவில் பத்து நிமிடம்

2011 செப்டம்பர் 24, சனிக்கிழமை. பொதிகை மலையில் கரடிப்பொடவு என்று காணிப் பழங்குடி மக்கள் அழைக்கும் குகைக்குள், பாளையங்கோட்டைக் கல்லூரி ஒன்றின் இயற்பியல் பேராசிரியர் நெல்லைநாயகம் ஓர் எஃகுப் பெட்டியை வைத்தார். பெட்டிக்குள் ஒரு கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது.

ஐந்து ஆண்டுகள் கழித்து அதை எடுக்க மூன்று பேர் மலையேறினார்கள். முன்னால், வெட்டுக்கத்தியோடு ஈச்சன் காணி. அன்று பேராசிரியருக்கு வழிகாட்டியவரும் அவர்தான். நடுவில் முனைவர் பியூலா, கையில் பேராசிரியரின் நோட்டுப் புத்தகத்தோடு. கடைசியில் ஆய்வக உதவியாளர் இசக்கியப்பன். முதுகில் மூன்று பேர் சுமை. கண் மட்டும் அந்த நோட்டின் மேல்.

பத்தொன்பது வருடம் பேராசிரியரோடு இருந்தவர் இசக்கி. ஆய்வு செய்ய வந்த பியூலா இருந்தது இரண்டே வருடம். கடிகாரப் பெட்டியை அன்று தலையில் சுமந்து வந்ததும் இசக்கிதான். குகை வாசலில், “நீ இங்கேயே இருப்பா” என்று சொல்லிவிட்டுப் பேராசிரியர் தனியே உள்ளே போனார். சாகும்போது, பெட்டி இருக்கும் இடத்தைக் குறித்த நோட்டைப் பியூலாவிடம் கொடுத்தார். அன்று முதல் இசக்கிக்குச் சோறு சரியாக இறங்கவில்லை.

“அண்ணாச்சி, டார்ச்சக் கொஞ்சம் தூக்கிப் பிடிங்க” என்றாள் பியூலா, குகைக்குள் தவழ்ந்தபடி.

“பிடிச்சிட்டுத்தான் நிக்கேன். நோட்டு உங்க கையில, வெளக்கு எங்கையில. அவரவருக்கு வாய்ச்சது.”

பின்னால் ஈச்சன் சிரித்தார். “வவ்வாலு எச்சம் வழுக்கும். சண்டைய வெளிய போய் வச்சுக்கிடுங்க.”

மூன்றாவது பிளவு, இடது கைப்பக்கம், முழங்கால் உயரத்தில் ஒரு பொந்து. நோட்டில் இருந்தபடியே பெட்டி இருந்தது. பியூலா அதைப் பிள்ளையைத் தூக்குவதுபோல் தூக்கினாள். இசக்கி முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

காலம் ஓடும் ஆறல்ல, மடித்து வைத்த வேட்டி என்பது பேராசிரியரின் கொள்கை. சில இடங்களில் மடிப்பின் மேல் மடிப்பாகக் காலம் படிந்திருக்கும். அங்கே வைத்த கடிகாரம் வெளியுலகத்தோடு ஒத்துப்போகாது. வைத்த கடிகாரமோ ஆண்டுக்குச் சில நொடிகளுக்கு மேல் பிசகாத சாதி. வித்தியாசம் நிமிடக் கணக்கில் இருந்தால் கொள்கை மெய்.

வெளியே வந்து, துல்லிய நேரம் காட்டும் ஜி.பி.எஸ். கருவியைப் பக்கத்தில் வைத்துப் பியூலா பெட்டியைத் திறந்தாள். கடிகாரம் பத்து நிமிடம் பதினொரு நொடி முந்தியிருந்தது.

மூன்று முறை பார்த்தாள். பிறகு அழுதாள். “அண்ணாச்சி, சார் ஜெயிச்சிட்டாரு. நவம்பர்ல மாநாடு. இத வச்சு நான்…” நோட்டைப் புரட்டி உரக்க வாசித்தாள்: “‘முந்தின நாள் பிற்பகல், என் கல்லூரி அறைக் கடிகாரத்தைப் பார்த்து நேரம் வைத்தேன். அது வாரந்தோறும் வானொலியோடு சரிபார்க்கப்படுவது.’”



சரிபார்த்தது இசக்கிதான். ஆனால் அந்த வருடம், பேராசிரியர் வீடு திரும்ப தினமும் மாலை ஐந்து பத்துப் பாபநாசம் பேருந்தைத் தவறவிட்டு நின்றதைப் பார்க்கப் பொறுக்காமல், அறைக் கடிகாரத்தைப் பத்து நிமிடம் முந்தி வைத்திருந்தார். யாரிடமும் சொல்லவில்லை. கைப்பேசியோ கைக்கடிகாரமோ வைத்துக்கொள்ளாத மனிதர், கண்டுபிடிக்கவும் இல்லை. அவர் இறந்த மறுநாள் இசக்கி அதைச் சரியான நேரத்துக்குத் திருப்பினார். இனி யாரும் பேருந்து பிடிக்க வேண்டியிருக்கவில்லை.

சொல்ல வாயெடுத்தார். பியூலாவின் முகத்தில் இருந்த வெளிச்சத்தைப் பார்த்தார். வாயை மூடிக்கொண்டார். ஏறட்டும். மேடையேறட்டும். பிறகு விழட்டும்.

இறங்கும்போது மேல்மலையில் மழை பிடித்தது. காலையில் முழங்காலளவு கடந்த காட்டாறு இப்போது இடுப்புக்கு மேல் செம்மண் நிறத்தில் இரைந்தது. ஈச்சன் முதலில் கடந்து கயிற்றை மரத்தில் கட்டினார். மறுமுனையைப் பியூலா இடுப்பில் கட்டிக்கொண்டாள்.

“பெட்டியக் குடுங்க மேடம், நான் தூக்கியாறேன்” என்றார் இசக்கி.

“வேண்டாம். நானே கொண்டு வரேன்.”

“அதானே பார்த்தேன்.”

நடு ஆற்றில் அவள் கால் வழுக்கியது. ஒரு கை கயிற்றைப் பற்றியது. மற்றக் கையிலிருந்து பெட்டி போனது. இருபது அடி தள்ளி, விழுந்து கிடந்த மரத்தின் கிளைகளில் அது சிக்கி நின்றது. அதற்கு அப்பால் அருவி.

பியூலா இடுப்பில் கட்டியிருந்த கயிற்றின் முடிச்சை அவிழ்க்கத் தொடங்கினாள்.

“அம்மா, அவுக்காத! போனா ஆளு கெடைக்காது” என்று அக்கரையிலிருந்து ஈச்சன் கத்தினார். அவள் காதில் விழவில்லை. இரண்டு முடிச்சு இருந்தது. முதல் முடிச்சு அவிழும்வரை இக்கரையில் இசக்கி சும்மா நின்றார். அந்த நேரத்தை அவரால் பிற்பாடு எந்தக் கணக்கிலும் சேர்க்க முடியவில்லை.

“ஏ பியூலா! அந்தப் பத்து நிமிசம் நான் வச்சதும்மா! சாரு பஸ்ஸுக்காக நான் கடியாரத்த முந்தி வச்சேன்! அந்தப் பெட்டில ஒண்ணும் இல்ல!”

அவள் திரும்பிப் பார்த்தாள். தண்ணீர் நெஞ்சில் அறைந்துகொண்டிருந்தது. பிறகு மெல்ல முடிச்சை மறுபடி போட்டாள்.

பியூலாவும் அவள் பின்னால் இசக்கியும் அக்கரை ஏறினார்கள். ஈச்சன் ஒரு நீளக் கம்பு வெட்டி, கத்தியை அதன் நுனியில் கட்டித் துரட்டியாக்கிக்கொண்டு பெட்டியை இழுக்கப் போனார்.

“மேலயே ஏன் சொல்லல?” என்றாள் பியூலா.

“சொல்லக் கூடாதுன்னுதான் நெனச்சேன். நீங்க அசிங்கப்படணும்னு.”

“நல்லது.” பாவாடை போல ஒட்டியிருந்த மழைக்கோட்டைப் பிழிந்தாள். “நோட்ட எங்கிட்ட ஏன் குடுத்தாருன்னு தெரியுமா? ‘இசக்கிக்கு என்மேல சந்தேகமே வராதும்மா, நீதான் சந்தேகப்படுவே’ன்னாரு. ரெண்டு வருசம் உங்களப் பாத்து வயிறெரிஞ்சேன் அண்ணாச்சி. அவரு பஸ்ஸு நேரம்கூட உங்களுக்குத் தெரியும். எனக்குக் கொள்கை மட்டும்தான்.”

இசக்கி அவளுக்குத் துண்டை நீட்டினார்.

ஈச்சன் பெட்டியோடு வந்தார். “நாளெல்லாம் நடந்து, ஆத்துல விழுந்து, கடைசில சாரு பஸ்ஸப் புடிச்சாரா இல்லையா?”

“புடிச்சாரு” என்றார் இசக்கி. “ஒரு நாள் விடாம.”

நவம்பர் மாநாட்டில் ஒரு பக்க அறிக்கை வாசிக்கப்பட்டது. கழிக்க வேண்டியதைக் கழித்த பின் வித்தியாசம் பதினொரு நொடி. கடிகாரத்தின் இயல்பான பிழைக்குள் அடங்குவது. கொள்கைக்குச் சான்று இல்லை. எழுதியவர்கள் பெயர்கள் அகர வரிசையில் இருந்தன: சு. இசக்கியப்பன், பியூலா. அடிக்குறிப்பு ஒன்று: “பத்து நிமிடம், முதல் ஆசிரியர் வைத்தது.”