புள்ளி வைக்காத சொல்

“அப்பா, மச்சுல யாரு நடக்கறாங்க?”

மோர்க்கஞ்சியைக் கரண்டியால் கலக்கியபடி அலெய்டா கேட்டாள். வெஸல் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்காமலே, “பூனையா இருக்கும், நீ சாப்பிடு” என்றான். சொல்லி முடித்த பிறகுதான் தங்கள் வீட்டில் பூனை கிடையாது என்பது அவனுக்கு உறைத்தது.

காதைத் தீட்டிக்கொண்டான். வெளியே கால்வாய் உறைந்து கிடந்தது. மதியம் தாண்டியும் மூடுபனி விலகாமல் எதிர்க்கரை வீடுகளை இடுப்பு வரை விழுங்கியிருந்தது. அடுப்பில் சதுப்பு மண்கட்டி புகைந்து எரியும் மக்கிய வாசனையும் கஞ்சியின் புளிப்பும் அறை முழுக்க நிறைந்திருக்க, இவற்றுக்கெல்லாம் மேலே, உத்தரத்துக்கும் மேலே, ஒரு பாதம் பலகையில் ஒட்டி, ஒட்டிய இடத்திலிருந்து மெல்லப் பிய்ந்து, அடுத்த பலகையில் போய் ஒட்டும் சத்தம் கேட்டது. வெறுங்கால். லெய்டன் நகரத்தில் ஜனவரிக் குளிரில் பிச்சைக்காரன்கூடக் காலில் வைக்கோலைச் சுற்றிக்கொண்டுதான் நடப்பான்.

ஏணியைச் சாத்தி ஏறிப் பார்த்தான். மச்சில் அடுப்புக்கான சதுப்பு மண்கட்டிகளின் தூள் தரை முழுக்கக் கரேலென்று படிந்திருந்தது. அதில் ஒரு தடமும் இல்லை. ஆனால் மூடியைத் தூக்கியதும் முகத்தில் சூடு அடித்தது. நெருப்பின் சூடு அல்ல. பல நாள் வெயிலில் வெந்த மண்ணிலிருந்து எழும் சூடு. அந்த ஊரில் பிறந்து வளர்ந்த வெஸலுக்கு அப்படி ஒரு வெயிலைத் தெரியாது. தெரியாத ஒன்றை மூக்கு எப்படி அடையாளம் கண்டது என்று யோசித்துக்கொண்டே கீழே இறங்கினான்.

வெஸல் பல்கலைக்கழகத்தில் அரபி கற்றுக்கொடுப்பவன். அரபி பேசும் மண்ணில் கால் வைத்ததில்லை. எல்லாம் ஏட்டுப் படிப்பு, இரவல் வாங்கிய கையெழுத்துப் பிரதிகள், பிடிவாதம். மனைவி போன கொள்ளை நோயில் போய்விட்டாள். மிஞ்சியது அலெய்டா ஒருத்திதான், எட்டு வயது. அவள் இரண்டு முறை தும்மினாலே ஓடிப்போய் நெற்றியைத் தொட்டுப் பார்ப்பான். அவளுக்கு ஒன்று ஆகிவிட்டால் தான் எதற்காக இருக்க வேண்டும் என்று ஒவ்வொரு நாளும் ஒரு தடவையாவது நினைத்துக்கொள்வான்.

சத்தம் எப்போது தொடங்கியது என்று யோசித்துப் பார்த்தான். முந்தின நாளும் மேலே ஏதோ கேட்டிருந்தது. அந்தச் சொல்லுக்குப் புள்ளி வைத்த பிறகு.

அவன் அச்சுக்குத் தயாராக்கிக்கொண்டிருந்தது ஒட்டக வைத்தியம் பற்றிய பழைய அரபிப் புத்தகம். சொறிக்கு என்ன பூசுவது, பாதம் வெடித்தால் என்ன கட்டுவது என்று அலுப்பூட்டிக்கொண்டே போய், நடுவில் சம்பந்தமே இல்லாமல் ஒரு வரி: ‘அது … க்குள் நுழைந்தது, பிறகு வெளியே வரவில்லை.’ எதற்குள் என்பதுதான் வில்லங்கம். அரபியில் பல எழுத்துகளுக்கு ஒரே வடிவம், சின்னப் பல் மாதிரி ஒரு மேடு. புள்ளிதான் ஆளைக் காட்டிக்கொடுக்கும். கீழே ஒரு புள்ளி என்றால் ‘ப’. கீழே இரண்டு என்றால் ‘ய’. மேலே ஒன்று என்றால் ‘ந’. அந்தச் சொல்லில் கடைசி எழுத்து ‘த’ தெளிவாக இருந்தது. அதற்கு முன்னால் இரண்டு பற்கள் மொட்டையாக நின்றன. ப, ய என்று வைத்தால் பைத், வீடு. ப, ந என்று வைத்தால் பின்த், மகள். ந, ப என்று வைத்தால் நப்த், செடி. புத்தகம் முழுக்க ஒரு புள்ளி பிசகவில்லை, அந்த ஒரு சொல்லைத் தவிர.

அச்சுக்குப் பிரதி எடுத்துக்கொடுத்தவன் ஜிர்ஜிஸ், அலெப்போவிலிருந்து வந்த கிறிஸ்தவன், வெஸலின் வயதுதான். அவனும் அந்த இடத்தை மொட்டையாகவே விட்டிருந்தான். ஆனால் அச்சுக்கூடத்தில் புள்ளி இல்லாத பல்லுக்கு எழுத்தே வார்க்கவில்லை. ஏதாவது ஒன்றை முடிவு பண்ணிக் கொடுங்கள் என்று அச்செழுத்துக் கோர்ப்பவர்கள் பிரதியைத் திருப்பி அனுப்பினார்கள். வெஸல் சிறிது நேரம் தாடையைத் தடவினான். நுழைவது என்றால் வீட்டுக்குள்தானே. பேனாவைத் தோய்த்துப் புள்ளிகளை வைத்தான். இத்தனை பேர் சோம்பேறித்தனமாக விட்டுவிட்டுப் போனதைத் தான் தீர்த்துவிட்டதாகப் பெருமைகூடப் பட்டான்.

மச்சில் ஏறிப் பார்த்ததற்கு மறுநாள் வேலைக்காரி நீல்ட்யே சொல்லிக்கொள்ளாமல் போய்விட்டாள். வாசலில் அவளுடைய மரக்கட்டைச் செருப்புகள் அப்படியே கிடந்தன. அவற்றைப் போட்டுக்கொள்ளக்கூட நிற்காமல் பனியில் ஓடியிருக்கிறாள்.

காலடி இப்போது மச்சில் மட்டும் இல்லை. படியில் இறங்கும். துணி அலமாரி இருக்கும் அறையில் சற்று நிற்கும். பிறகு அந்த அறைக் கதவு, அவசரமே இல்லாமல், கீல் முனகத் திறந்து மூடும்.

“புது வீடு பாக்க வந்தவங்க மாதிரி ஒவ்வொரு ரூமா பாக்குதுப்பா” என்றாள் அலெய்டா. “என் ரூமுல ரொம்ப நேரம் நின்னுச்சு.”

“நீ பாத்தியா?”

“இல்ல. கண்ண மூடிக்கிட்டேன். மூஞ்சியில வெயில் அடிச்சுது.”

அவளைக் கையைப் பிடித்துக் கீழே அடுப்படிக்குக் கூட்டி வந்து உட்கார வைத்துவிட்டு, வெஸல் ஜிர்ஜிஸுக்கு ஆள் அனுப்பினான்.

ஜிர்ஜிஸ் மேலங்கியில் பனியை உதறிக்கொண்டு வந்தான். வாசற்படியில் ஒரு காலை வைத்தவன் மறு காலை வைக்கவில்லை.

“உள்ள வாங்க ஜிர்ஜிஸ். குளிர் வீட்டுக்குள்ள வருது.”

“குளிரா? உங்க வீட்டுக்குள்ளேருந்து எங்க ஊரு ஜூலை மாச வெயில் வாடை வருது, முஅல்லிம்.” ஆசிரியருக்கு அவன் ஊரில் அப்படித்தான் சொல்வார்கள், வெஸலை அவன் பாதி மரியாதையும் பாதி கேலியுமாக அப்படிக் கூப்பிடுவான். மற்ற நாளாக இருந்தால், உங்கள் ஏட்டு அரபியில் எங்கள் சந்தையில் ரொட்டி கேட்டால், ஜெபம் செய்கிறீர்கள் என்று நினைத்து முடியும்வரை கையைக் கட்டிக்கொண்டு நிற்பார்கள் என்று கேலியைத் தொடங்கியிருப்பான். இன்று அவன் முகத்தில் ஈயாடவில்லை. “என்ன பண்ணீங்க?”

“அந்தச் சொல்லுக்குப் புள்ளி வெச்சேன்.”

“என்னன்னு?”

“வீடுன்னு.”

ஜிர்ஜிஸ் கண்ணை மூடித் திறந்தான். “நான் எந்தப் பிரதியப் பாத்து எழுதினேனோ அதுலயும் அது மொட்டைதான். அதுக்கு முந்தினதுலயும் அப்படித்தானாம். ஏன்னு எனக்கு யாரும் சொல்லல, நானும் கேக்கல. எல்லாரும் விட்ட எடத்துல நானும் விட்டேன், அவ்வளவுதான்.”

“அழிச்சுட்டா?”

“அது இப்ப உள்ள வந்தாச்சே. அழிச்சா, எங்க இருக்கறதுன்னு அதுவே முடிவு பண்ணிக்கிட்டா என்ன செய்வீங்க? பேனாவத் தொடாதீங்க. பொண்ணக் கூட்டிக்கிட்டு இப்பவே என் அறைக்கு வந்துடுங்க. வீட்டுக்குள்ளதான் அது நுழைஞ்சிருக்கு, வெளிய வராது. எழுதியிருக்கறது அப்படித்தான். வீடு அதுக்கு, பொண்ணு உங்களுக்கு. போதாதா?”

போதும்தான். அந்த நிமிடமே மகளைத் தூக்கிக்கொண்டு இறங்கியிருக்க வேண்டும். ஆனால் மாடியில் முப்பது வருஷ உழைப்பு இருந்தது. அலெய்டா பிறந்த கட்டில் இருந்தது. அதைவிட, தான் வைத்த புள்ளியைத் தானே மாற்ற முடியாதா என்ற வீம்பு இருந்தது. படிப்பறை ஜன்னலில் ஒரு தொட்டியில் பூக்கிழங்கு ஒன்று முளைவிட்டிருந்ததும் அவன் நினைவுக்கு வந்தது.

“பாப்பாவக் கிளப்பறேன். ஒரே ஒரு வேலை இருக்கு. நீங்க முன்னால போய் அடுப்பப் பத்த வைங்க” என்றான்.

ஜிர்ஜிஸ் சிலுவைக் குறி போட்டுக்கொண்டு மூடுபனிக்குள் போனான்.

அலெய்டாவிடம் தொப்பியும் கையுறையும் போட்டுக்கொள்ளச் சொல்லிவிட்டு வெஸல் படிப்பறைக்கு ஏறினான். வெளிச்சம் குறைந்துகொண்டிருந்தது. மேசையில் அந்தத் தாள். அவன் போட்ட கணக்கு எளிது: பழைய புள்ளிகள் எல்லாவற்றையும் சுரண்டி எடுத்து, முதல் பல்லுக்கு மேலே ஒரு புள்ளி, இரண்டாவது பல்லுக்குக் கீழே ஒரே ஒரு புள்ளி. நப்த், செடி. அது செடிக்குள் போகும். செடி ஜன்னல் வழியாகப் போகும். பேனாக்கத்தியை எடுத்தான்.

படியில் ஏறும் சத்தம்.

அலெய்டாவாக இருக்கக்கூடாதா என்று ஒரு கணம் ஆசைப்பட்டான். அவள் தோல் செருப்பு போட்டிருந்தாள். இது ஒட்டியது, பிய்ந்தது, ஒட்டியது. வழியில் ஒரு அறைக்குள்ளும் நுழையவில்லை. எல்லா அறையையும் பார்த்து முடித்துவிட்டது போலிருந்தது. படிப்பறைக் கதவின் கீல் முனகியது. வெஸல் திரும்பவில்லை. திரும்பினால் கை ஓடாது என்று தெரியும். வெந்த மண்ணின் வாடை முதுகில் வந்து படிந்தது. கழுத்து மயிர் சுருள்கிற அளவுக்குச் சூடு. மைக்கூட்டின் விளிம்பில் மை காய்ந்து ஏடு கட்டியது.

கத்தி வழுக்கியது. மறுபடி அழுத்தினான். சுரண்டினான். தூளை ஊதினான்.

இன்னும் நெருக்கம். மூச்சு இல்லை. சூடு மட்டும்.

பேனா. மை. முதல் பல். மேலே ஒன்று.

இரண்டாவது பல். கீழே ஒன்று.

அவ்வளவுதான்.

சூடு அறுந்தது. அறைக்குள் ஜனவரிக் குளிர் குபீரென்று பாய்ந்தது. வெஸல் திரும்பிப் பார்த்தான். கதவு திறந்திருந்தது, அங்கே யாரும் இல்லை. அவன் வாய்விட்டு அழுதான். சிரிக்கவும் செய்தான். தொட்டியைத் தூக்கி ஜன்னலுக்கு வெளியே முழு பலத்தோடு எறிந்தான். அது கால்வாய்ப் பனிக்கட்டியில் விழுந்து சிதறும் சத்தம் மூடுபனிக்குள்ளிருந்து கேட்டது. வீடு அமைதியாக இருந்தது. அந்த வீட்டை இத்தனை பிரியமாக அவன் என்றுமே நினைத்ததில்லை.

மை காய்ந்துவிட்டதா என்று பார்க்கத் தாளைக் கையில் எடுத்தான்.

அரபி வலமிருந்து இடமாக ஓடும். முப்பது வருஷமாக அவன் கையும் அப்படித்தான் ஓடிக்கொண்டிருந்தது. ஆனால் பயத்தில் அந்தக் கை, சிறு வயதில் முதன்முதலாக எழுத்துக் கூட்டிய வழக்கத்துக்கே திரும்பிவிட்டிருந்தது. இடப்பக்கத்துப் பல்லை முதல் பல் என்று எண்ணி, அதன் மேலே ஒரு புள்ளி. வலப்பக்கத்துப் பல்லை இரண்டாவது என்று எண்ணி, அதன் கீழே ஒரு புள்ளி.

வலமிருந்து படித்தான்: ப, ந, த. இன்னொரு முறை படித்தான். அவன் உதடுகள் அந்தச் சொல்லைச் சொல்ல மறுத்தன.

எப்படி இறங்கினான் என்று அவனுக்கே தெரியாது. அடுப்படியில் அலெய்டா தொப்பியும் கையுறையும் போட்டுக்கொண்டு, சொன்னபடி, முக்காலியில் உட்கார்ந்திருந்தாள். கன்னம் இரண்டும் சிவந்திருந்தன. அவனைப் பார்த்ததும் எழுந்து கையை நீட்டினாள்.

“போலாமாப்பா?”

அவள் குரல்தான். அவள் கண்கள்தான். வெஸல் மண்டியிட்டு அவளை வாரி அணைத்துக்கொண்டான். “ஒண்ணும் இல்லடா, ஒண்ணும் இல்ல” என்று பிதற்றினான். ஒன்றும் ஆகியிருக்காது. வெறும் மை. வெறும் தாள். அவள் உடம்பு கதகதப்பாக இருந்தது. அடுப்புப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள் அல்லவா, அதனால்தான். அவள் நெஞ்சில் காதை வைத்து, இதயம் துடிப்பதைக் கேட்கக் காத்திருந்தான்.

அவள் நெஞ்சுக்குள்ளே, வெகு தூரத்தில், ஒரு வெறுங்கால் பலகையில் ஒட்டிப் பிய்ந்தது. பிறகு இன்னொன்று. அவசரமே இல்லாமல் அது நடந்தது. நின்றது. கீல் முனக, ஒரு கதவைத் திறந்து பார்த்தது.

“அப்பா,” என்றாள் அலெய்டா, கையுறை போட்ட கையால் அவன் தலையை நெஞ்சோடு இன்னும் இறுக்கி, “இந்த வீடு ரொம்பப் பெருசாம்.”