பதிலுக்கு உட்கார்ந்தவர்

பள்ளித் தாளாளர் மருதாசலத்தின் தோட்டத்து பங்களாவுக்கு நான் முதன்முதலாகப் போனது தை மாதத்தில், ஒரு பிற்பகல் வேளையில். நாமக்கல்லிலிருந்து திருச்செங்கோடு சாலையில் கொஞ்ச தூரம் வந்து மண்பாதையில் திரும்பினால் வரிசையாகக் கோழிப்பண்ணைக் கொட்டகைகள். ஆயிரக்கணக்கான கோழிகள் ஓயாமல் முனகிக்கொண்டிருக்கும் அந்தச் சத்தத்தையும், கண்ணைக் கரிக்கும் எருவின் நெடியையும் தாண்டி, வேப்பமரங்களுக்கு நடுவே அந்தப் பழைய கட்டடம் நின்றது.

வாசற்படியில் கால் வைத்ததும் எருவின் நெடி சட்டென்று நின்றுவிட்டது. உள்ளே வேறு வாசனை. நனைந்த மண்ணும் கருகிய எண்ணெயும் கலந்தது போல.

என் பெயர் சத்யபிரியா. மல்லசமுத்திரத்துக்காரி. மருதாசலத்தின் உண்டு உறைவிடப் பள்ளியில் சரித்திர ஆசிரியை. முனைவர் பட்டத்துக்கு நான் எடுத்துக்கொண்டது அசீரிய அரசர்களின் சபை. நட்சத்திரம் பார்த்தவர்கள், மந்திரம் ஓதியவர்கள், தெய்வம் ஏறி வாக்குச் சொன்ன பெண்கள் என்று அரசனைச் சுற்றி ஒரு கூட்டமே இருந்தது. அவர்கள் சொல்லாமல் அரசன் தேரில் ஏறமாட்டான். அந்த மொழியைப் படிக்க நான் ஏழு வருடம் செலவழித்தேன். ஊருக்குத் திரும்பிய பிறகு அதைப் பற்றி என்னிடம் ஒருவரும் ஒரு கேள்வியும் கேட்டதில்லை.

அன்றைக்கு மருதாசலம் கேட்டார்.

"வாங்க அம்மணி, உக்காருங்க" என்றார். அவர் பக்கத்தில் ஜோசியர் தனசேகர் இருந்தார். பள்ளியில் யாரை வேலைக்கு எடுப்பது, யாரை அனுப்புவது, தேர்வு எந்தக் கிழமை தொடங்குவது எல்லாமே தனசேகர் சொல்படிதான் நடக்கும்.

"மாசிப் பௌர்ணமிக்குக் கிரகணமுங்க" என்றார் தனசேகர். "நிலா எந்திரிக்கையிலயே புடிச்சிருக்கும். ஐயா ஜாதகத்துக்கு அது உசுருக்கே ஆகாது."

"இவரு சொன்ன பரிகாரமெல்லாம் பண்ணியாச்சு. மனசு ஆறமாட்டேங்குது" என்றார் மருதாசலம். "நீங்க படிச்ச ராஜாக்களும் கிரகணத்துக்குப் பயந்தவங்களாமே. அவங்க என்ன பண்ணுனாங்க? அதைச் சொல்லோணும்."

சொன்னேன். கிரகணம் அரசனின் சாவைக் காட்டினால், அவனுக்குப் பதிலாக வேறொருவனைச் சிம்மாசனத்தில் உட்காரவைப்பார்கள். யாரும் தேடாத ஆளாகப் பார்த்துப் பிடிப்பார்கள். அரச உடை போட்டு, ஒரு பெண்ணை ராணியாகப் பக்கத்தில் உட்காரவைத்து, கெட்ட சகுனங்களை எல்லாம் அவன் முன்னால் படித்து அவனை ஏற்றுக்கொள்ளச் செய்வார்கள். உண்மையான அரசன் ஒதுங்கி வாழ்வான். அவனுக்கு எழுதும் கடிதங்களில்கூட அரசே என்று எழுதாமல் குடியானவரே என்று எழுதுவார்கள். வரவேண்டிய சாவு ஏமாந்து மற்றவனிடம் போகும்.

"முடிவுல?"

"முடிவுல அவங்க ரெண்டு பேரையும் கொன்னுருவாங்க. விதிக்குப் போனாங்கன்னு எழுதி வெப்பாங்க."

மருதாசலம் சிரித்தார். "அதெல்லாம் அந்தக் காலமுங்க."

அப்போதே எழுந்து வந்திருக்க வேண்டும். நான் இரண்டாவது காபி வாங்கிக்கொண்டு இன்னும் சொன்னேன். ஒரு தடவை அப்படிப் பதிலுக்கு உட்கார்ந்தவனைப் பார்த்து, தெய்வம் ஏறிய பெண் ஒருத்தி சபை நடுவில் 'அரசாட்சியை நீ எடுத்துக்கொள்வாய்' என்று வாக்குச் சொன்னாள். களிமண் கடிதம் ஒன்றில் அது இருக்கிறது.

"பலிச்சுதுங்களா?" என்று தனசேகர் கேட்டார்.

"இல்லீங்க. அவனும் செத்துத்தான் போனான்."

மறு வெள்ளிக்கிழமை மறுபடியும் கார் வந்தது. கூடத்தில் மருதாசலத்தின் தேக்கு நாற்காலியில், அவருடைய பட்டுச் சட்டையைப் போட்டுக்கொண்டு, அர்த்தநாரி உட்கார்ந்திருந்தார். பள்ளித் தோட்டக்காரர். ஐம்பத்தைந்து வயதிருக்கும், மனைவி மக்கள் கிடையாது, இடது காது கேட்காது. பக்கத்து நாற்காலியில் விடுதிச் சமையலறையில் பாத்திரம் கழுவும் சின்னாயி. அவளுக்கும் யாரும் இல்லை. ஒரு நாளைக்கு இரண்டு வார்த்தை பேசினால் அதிகம். புதுச்சேலையின் கஞ்சி விறைப்பில் அசையாமல் இருந்தாள்.

என் வேலை எழுதுவது. கெட்ட சகுனங்களைப் பட்டியலிட்டு ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். உச்சியில் ஒரு வரியை அசீரியரின் பழைய எழுத்திலேயே எழுதினேன். யாரும் கேட்கவில்லை. அது என் கர்வம்.

தனசேகர் ஒவ்வொன்றாகப் படிக்கப் படிக்க, அர்த்தநாரி கேட்கும் காதைத் திருப்பி, "ஏத்துக்கறேனுங்க" என்று சொல்லிக்கொண்டே வந்தார். கடைசியில் சின்னாயி அந்தத் தாளை மடித்து அவர் சட்டையின் ஓரத்துக்குள் வைத்துத் தைத்தாள்.

நான் கிளம்பும்போது அர்த்தநாரி கூப்பிட்டார். "டீச்சர், இதுல எனக்கு ஒண்ணும் கெடுதல் இல்லீங்களே?"

"இல்லீங்க" என்றேன்.

மருதாசலம் கிணற்றடி மோட்டார் அறைக்குக் குடிபோனார். லுங்கியும் துண்டும் கட்டிக்கொண்டு கயிற்றுக் கட்டிலில் கிடந்தார். எல்லோரும் அவரைக் குடியானவரே என்றுதான் கூப்பிட வேண்டும் என்று உத்தரவு. தோட்டத்து ஆட்கள் எப்போதும் அவரைப் பண்ணாடி என்பார்கள், முதலாளிக்கு எங்கள் பக்கத்துச் சொல். இப்போது அந்தப் பெயரை அர்த்தநாரிக்குச் சொல்லப் பழகினார்கள். முதல் வாரம் சிரிப்பை அடக்கிக்கொண்டு சொன்னார்கள். அடுத்த வாரம் சிரிக்கவில்லை.

ஒவ்வொரு ஞாயிறும் நான் போக வேண்டியிருந்தது. வேலையை விட்டுவிடுகிறேன் என்று ஒரு தடவை சொன்னதற்கு, "இப்ப நீங்க பாதியில போனா நல்லா இருக்காது அம்மணி" என்றார் மருதாசலம், என் அப்பாவின் பெயரையும் எங்கள் தெருவையும் சேர்த்துச் சொல்லி.

மூன்றாவது ஞாயிறு கூடத்தில் நின்றுகொண்டிருந்தபோது ஒன்றைக் கவனித்தேன். அர்த்தநாரி வாயைத் திறந்தால் கொட்டகைகளில் கோழிகளின் முனகல் நிற்கிறது. அவர் பேசி முடித்ததும் மறுபடி தொடங்குகிறது.

தண்ணீர் கேட்டார். நின்றது.

குடித்தார். தொடங்கியது.

"யாரு டீச்சருங்களா? உக்காருங்க" என்றார். அவருடைய கேட்காத காதின் பக்கம்தான் நான் பூனைபோல் நடந்து வந்திருந்தேன்.

மாசிப் பௌர்ணமி அன்று மாலை கேட்டைப் பூட்டிவிட்டார்கள். வேலையாட்களை அனுப்பிவிட்டார்கள். என் கைப்பேசியைத் தனசேகர் வாங்கி வைத்துக்கொண்டார். கூடத்தில் ஐந்து பேர். நாற்காலிகளில் அர்த்தநாரியும் சின்னாயியும். சுவரோரம் நானும் தனசேகரும். கிணற்றடியிலிருந்து வந்த மருதாசலம், துண்டைத் தலையில் போட்டபடி வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

கொல்லிமலைக்கு மேலே நிலா எழுந்தது. கீழ்ப்பாதி இல்லை. இருந்த பாதியும் பழைய ரத்தத்தின் நிறத்தில் மங்கியிருந்தது.

கோழிகள் அடங்கின. யாரும் பேசியிருக்கவில்லை.

நனைந்த மண்ணின் வாசனை தொண்டைக்குள் இறங்கும் அளவுக்குக் கூடியது.

சின்னாயியின் தலை மெதுவாக முன்னால் சாய்ந்தது. முடி அவிழ்ந்து மடியில் விழுந்தது. சாமி வந்தால் நம் பெண்கள் ஆடுவார்கள், கூவுவார்கள். அவள் ஆடவில்லை. தாழ்ந்த குரலில், தாய் பிள்ளையிடம் பேசுவதுபோலப் பேசினாள்.

"லா தபல்லாஹ்."

அது தமிழ் இல்லை. இரண்டாயிரத்து அறுநூறு வருடத்துக்கு முன்னால் செத்துப்போன மொழி. அசீரிய அரசனிடம் தெய்வம் பேசத் தொடங்கும்போது முதலில் சொல்லும் வார்த்தை. 'அஞ்சாதே' என்று அர்த்தம். இந்த மாவட்டத்தில் அதைப் படிக்கத் தெரிந்தவள் நான் ஒருத்திதான். நானும் அதை வாய்விட்டுச் சொன்னதில்லை.

அவள் முகம் அர்த்தநாரியின் பக்கம் திரும்பியிருந்தது.

"ஷர்ரூத்தி தனஷ்ஷி."

அரசாட்சியை நீ எடுத்துக்கொள்வாய்.

"என்ன சொல்லுது?" என்று மருதாசலம் கிசுகிசுத்தார். "அம்மணி, உங்களுக்குப் புரியுதுதானே. என்ன சொல்லுது?"

"பயப்பட வேண்டாம்னு சொல்லுதுங்க" என்றேன்.

"யாரை?"

நான் தலையைக் குனிந்துகொண்டேன். மருதாசலத்தின் முகம் தெளிந்தது. தன்னைத்தான் என்று எடுத்துக்கொண்டார்.

நிலாவின் கறை விலகியதும் தனசேகர் உள்ளே போய் இரண்டு வெள்ளித் தம்ளர்களில் பால் கொண்டுவந்தார். அவர் என்னைக் கடந்தபோது பாலின் மேல் ஒரு கசந்த நெடி. வயல்காட்டில் பருத்திக்கு அடிப்பார்களே, அந்த மருந்து.

"குடுங்க" என்றார் மருதாசலம். "ராத்திரிக்குள்ள முடிஞ்சிரோணும்."

அர்த்தநாரியைப் பார்த்துக் குடிக்காதீர்கள் என்று நான் கத்தியிருக்கலாம். கத்தவில்லை. பயம்தான். கூடவே இன்னொன்றும் இருந்தது, அதையும் சொல்லிவிடுகிறேன். என்ன நடக்கிறது என்று பார்க்க விரும்பினேன்.

அர்த்தநாரி இரண்டு தம்ளர்களையும் வாங்கினார். எழுந்து நின்றார். கூனல் முதுகுள்ள அந்த மனிதர் அவ்வளவு உயரம் என்று எனக்கு அதுவரை தெரியாது.

"குடியானவரே" என்றார். "வாங்க."

மருதாசலம் வாசல் நிலையை இறுகப் பிடித்தார். விரல்கள் வெளுத்தன. அவர் தலை வேண்டாம் வேண்டாம் என்று ஆடிக்கொண்டே இருந்தது. கால்கள் மட்டும் நடந்தன.

துண்டைத் தலையிலிருந்து எடுத்துக் கக்கத்தில் இடுக்கினார். குனிந்தார். இரண்டு கைகளாலும் தம்ளரை வாங்கினார்.

தாகத்தில் வந்தவர்போல ஒரே மூச்சில் குடித்தார்.

"ஜோசியரே."

தனசேகர் அழுதுகொண்டே போய் மற்றதை வாங்கிக் குடித்தார்.

அவர்கள் சாக வெகுநேரம் ஆனது. அர்த்தநாரி மறுபடி உட்கார்ந்து, கையை நாற்காலியின் கைப்பிடிமேல் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். சின்னாயி முடியை அள்ளிக் கொண்டை போட்டுக்கொண்டாள்.

காலையில் கேட் திறந்தது. மருதாசலத்தின் மனைவி சௌந்திரம் நாமக்கல் வீட்டிலிருந்து காரில் வந்து இறங்கினார். நான் படிக்கட்டில் ஓடிப்போய் அவர் கையைப் பிடித்தேன். வாய் குழறி எல்லாவற்றையும் சொன்னேன். அவர் என்னைத் தள்ளிவிட்டுக் கூடத்துக்குள் போனார். நாற்காலியில் இருந்தவரைப் பார்த்தார். கொஞ்ச நேரம் பார்த்தார்.

"ஏனுங்க, ராத்திரியெல்லாம் தூங்கலையாட்ட இருக்குதே. கண்ணெல்லாம் செவந்து கெடக்குது" என்றார்.

நான் கீழே கிடந்த உடலைக் காட்டினேன். லுங்கி விலகிக் கிடந்தது. முப்பது வருடம் தன்னோடு வாழ்ந்த அந்த முகத்தைப் பார்த்துச் சௌந்திரம் முகம் சுளித்தார்.

"தோட்டக்கார அர்த்தநாரிங்களா? பாவம். யாருமில்லாத மனுசன்."

போலீஸ் வந்தது. தோட்டக்காரரும் ஜோசியரும் ஏதோ மனக்கஷ்டத்தில் மருந்து குடித்துவிட்டார்கள் என்று எழுதிக்கொண்டு போனார்கள். மருதாசலத்தை அர்த்தநாரி என்ற பெயரிலேயே மாலைக்குள் எரித்தார்கள். கொள்ளி வைக்க ஆளில்லை என்று வெட்டியான்தான் வைத்தார்.

திங்கட்கிழமை பள்ளிக்குப் போனேன். அலுவலகச் சுவரில் கட்டடத் திறப்பு விழாப் படம் மாட்டியிருக்கும். பதினெட்டு வருடத்துக்கு முந்தைய படம். அதில் ரிப்பன் வெட்டிக்கொண்டு நின்றது அர்த்தநாரி. இளமையாக, கறுத்த மீசையோடு.

எனக்குப் பக்கத்து மேசையில் இருக்கும் கணக்கு டீச்சர் ஜெயப்பிரியா, "என்ன அப்படிப் பாக்கற? தாளாளர் அப்ப எவ்வளவு ஒல்லி, இல்ல?" என்றாள்.

அன்று மாலை என்னை அறைக்குக் கூப்பிட்டார்கள். பெரிய மேசைக்குப் பின்னால் அவர். அவர் நாற்காலிக்குப் பின்னால், சுவரில் சாய்ந்து சின்னாயி.

"டீச்சர்" என்றார் அவர். குரலில் கோபம் இல்லை. "கெடுதல் இல்லைன்னு சொன்னீங்க. ஒண்ணும் கெடுதல் ஆகலை. நீங்க இங்கயே இருக்கோணும். இந்த அம்மா சொல்ற வாக்கை எழுதறதுக்கு வேற ஆளில்லை."

சின்னாயி என்னைப் பார்த்துச் சிரித்தாள்.

ராஜினாமாக் கடிதம்கூடக் கொடுக்கவில்லை. அப்பாவைத் தம்பியிடம் விட்டுவிட்டு, அன்றைக்கே பஸ் ஏறி மேச்சேரிக்கு அத்தை சுப்பம்மாளின் வீட்டுக்கு வந்துவிட்டேன். அத்தையிடம் எதையும் சொல்லவில்லை. சொன்னால் அவளும் ஒருநாள் என்னிடம், தாளாளர் என்றைக்கும் அவர்தானே என்பாள் என்று பயம். தனசேகர் வாங்கி வைத்த கைப்பேசியைத் திரும்ப வாங்காமலே வந்திருந்தேன். ஒரு மாதம் ஒன்றும் நடக்கவில்லை. தூக்கம்கூட வரத் தொடங்கியது.

போன ஞாயிற்றுக்கிழமை காலை அத்தை கறி வாங்கி வரச் சொன்னாள். சந்தைப்பேட்டைப் பக்கம் ஒரு கடை. நல்ல வெயில், நாலைந்து பேர் வரிசையில். என் முறை வந்தபோது கடைக்காரர் புதிதாக ஒரு ஆட்டைப் பிளந்துகொண்டிருந்தார். ஈரலை எடுத்து இடது உள்ளங்கையில் ஏந்தினார். பலகையில் போடவில்லை.

கட்டைவிரலால் அதைத் தடவ ஆரம்பித்தார். முதலில் இடது மடலின் மேல்பக்கம் இருந்த சின்னப் பள்ளம். பிறகு அதன் பக்கத்துக் கோடு. பிறகு கீழே பிளவு. பித்தப்பையை விரல்நுனியால் சுற்றி வந்தார்.

அந்த வரிசை எனக்குத் தெரியும். ஈரலின் அந்த இடங்களுக்கு அசீரியர்கள் வைத்த பெயர்கள் இருப்பிடம், பாதை, அரண்மனை வாசல். அசீரிய அரசன் ஓர் ஆளை வேலைக்கு வைக்கும் முன்னால் ஆட்டை அறுத்து அதன் ஈரலில் இப்படித்தான் குறி பார்க்கச் சொல்வான். இவன் எனக்கு விசுவாசமாக இருப்பானா என்பதுதான் கேள்வி.

எனக்குப் பின்னால் நின்றவர்கள் பேச்சை நிறுத்திவிட்டார்கள்.

கடைக்காரர் என்னைப் பார்க்கவில்லை. ஈரலை வெளிச்சத்தில் ஒருமுறை திருப்பினார். பிறகு, பக்கத்தில் யாரோ காத்திருப்பதுபோல், காலியாக இருந்த இடத்தைப் பார்த்துப் பணிவாகச் சொன்னார்.

"இல்லீங்க பண்ணாடி. இந்தப் புள்ளை இருக்கமாட்டா."