சாய்வு நாற்காலியில் அப்பா

கொல்லைப்பக்கம் போய் ஒரு சிகரெட் பிடித்துவிட்டுப் பெரியவர் உள்ளே வந்தபோது, சாய்வு நாற்காலிக்குப் பக்கத்தில் அவர் வைத்துவிட்டுப் போன டீ பாதி குறைந்திருந்தது.

நாற்காலியில் பொம்மை அவர் உட்கார வைத்தபடியே இருந்தது. ஆயுசு முழுக்கத் தையல்கடையில் கழித்த கை. தன் அளவிலேயே பழைய பஞ்சைத் திணித்து, தன் ஸ்வெட்டரை மாட்டி, குல்லா வைத்து, இடது தோள் சரிவைக்கூட விடாமல் தைத்திருந்தார். எல்லாம் சுவரில் மகன் மாட்டிய கேமராவை ஏமாற்றத்தான். வந்து பார்க்க அவனுக்கு நேரமில்லை. செல்போனில் அப்பாவைக் காவல் காக்க மட்டும் நேரமிருக்கிறது. "இன்னொரு தடவை எங்கயாவது விழுந்தீங்க, முதியோர் ஹோம்தான்பா" என்று கறாராகச் சொல்லிவிட்டான். இந்த நாற்காலி, ரேடியோ, யாரும் கேள்வி கேட்காத ஒரு சிகரெட். மிச்சமிருப்பதே இவ்வளவுதான், அதையும் பிடுங்கப் பார்க்கிறான் படுபாவி.

டீயை நாமே குடித்துவிட்டு மறந்திருப்போம் என்று தன்னையே திட்டிக்கொண்டார்.

வெளிச்சம் மங்கிக்கொண்டிருந்தது. ரேடியோவின் முணுமுணுப்புக்கு அடியில் இன்னொரு சத்தம், தூங்கும்போது அவர் மூக்கிலிருந்து வருகிற அதே மெல்லிய விசில், விட்டுவிட்டுக் கேட்டது; கூடவே, இன்று அவர் தடவாத வலித் தைலத்தின் வாசனையும் வந்தது. பின்னால் போய் ஸ்வெட்டரைத் தொட்டார்.

சூடாக இருந்தது.

மகனிடம் சொல்லலாமா? சொன்னால் மூளை கலங்கிவிட்டது என்பான். நாளைக்கே ஹோம். பிரித்துப் போட்டுவிடுவதே மேல் என்று கத்தரிக்கோலை எடுத்து வந்து நாற்காலிக்குப் பின்னால் நின்றார்.

நாற்காலிக் கைப்பிடியில் இருந்த செல்போன் அடித்தது. நின்றது. அவர் எடுக்கவில்லை.

"அப்பா, சாப்டீங்களா?" ஸ்பீக்கரில் மகன்.

"ஆச்சுப்பா."

அவருடைய குரல். அவர் வாயே திறக்கவில்லை.

"இப்பல்லாம் சமத்தா ஒரே இடத்துல உக்காந்திருக்கீங்க. எனக்கு எவ்ளோ நிம்மதி தெரியுமா?"

கத்த முயன்றார். நாக்கில் பஞ்சு ஒட்டியது.

"அப்பா... உங்க பின்னாடி யாரு நிக்கிறது?"

குல்லா மெல்லத் திரும்பியது.

"அதுவா? பழைய பஞ்சுப் பொம்மை. இப்பவே பிரிச்சுப் போட்டுடறேன்."

ஸ்வெட்டர் கை நீண்டு கத்தரிக்கோலை வாங்கிக்கொண்டது. பெரியவர் தன் மணிக்கட்டைப் பார்த்தார். தோல் இருந்த இடத்தில் நெருக்கமாக, நேர்த்தியாக, அவருடைய தையல்.