மழைநீரில் பாஷாணம்

1954-ஆம் ஆண்டு ஜூன் மாதம் 14-ஆம் தேதி, திங்கட்கிழமை. திருவனந்தபுரத்தில் விடியற்காலை முதல் கனமழை. தென்மேற்குக் காற்று பலம். சூரியன் நாள் முழுவதும் தென்படவில்லை.

மாலையில், கண்ணாடிக் குழாயினுள் விஷம் தென்பட்டது.

கறுப்பாக... பளபளப்பாக... கண்ணாடிக்கு ரசம் பூசியதைப் போல!

சுசீலாபாய் விளக்கை அணைத்தாள். அவள் ரசாயனத்தில் முதல் வகுப்பில் தேறியவள். டாக்டர் சிவதாணுவின் தனியார் ஆய்வுக்கூடத்தில் உதவி ஆய்வாளர். விஷத்தைக் கண்டு நடுங்கும் பருவத்தை அவள் கடந்து வெகுகாலம் ஆயிற்று.

இருப்பினும் குழாயை விட்டுப் பார்வையை எடுக்கவில்லை.

ஏனெனில், குடுவையில் இருந்தது பிணத்தின் இரைப்பை அன்று.

வெறும் மழைநீர்! முற்றத்தில் பாத்திரம் வைத்து அவளே பிடித்த மழைநீர்!

வானத்துக்கு விஷம் வைத்தவர் யார்?

டெலிபோன் அலறியது.

"தங்கச்சி, நான் வக்கீல் யோசுவாவாக்கும். சோதனைல வல்லதும் கிட்டிச்சா?"

யோசுவா, முத்தாரம்மாள் என்னும் விதவையின் வக்கீல். முத்தாரம்மாள், ஆரியசாலை அரிசி மொத்த வியாபாரி திரவியத்தின் வீட்டுச் சமையற்காரி. சித்திரை மாதத்தில் ஒருநாள் திரவியம் இரவு உணவு உண்டார். வாந்தியும் பேதியுமாகத் துடித்தார். பொழுது புலருமுன் மாண்டார். அதற்கு முன்தினம்தான் முத்தாரம்மாள் அரிசிக் கிடங்கின் எலிகளுக்கென்று பாஷாணம் வாங்கியிருந்தாள்.

ஆரியசாலை தீர்ப்பு எழுதிவிட்டது. டாக்டர் சிவதாணுவின் அறிக்கை அத்தீர்ப்புக்குக் கையொப்பம் இட்டது... 'இரைப்பையில் பாஷாணம் உண்டு.'

எஞ்சியது தூக்குக்கயிறு மட்டுமே.

"கிட்டிச்சு வக்கீல் சார். பாஷாணம் உண்டு," என்றாள் சுசீலாபாய்.

மறுமுனையில் பெருமூச்சு. "அப்ப அந்தக் கிழவி கதை முடிஞ்சுது. நாளைக்கு டாக்டரக் கூண்டுல ஏத்தி நான் என்னத்தக் கேக்க? சுகந்தானான்னு கேக்கவா?"

"முழுசாக் கேளுங்க. பாஷாணம் திரவியம் முதலாளி வயித்துல இல்ல. எங்க ஸிங்க்ல."

இவ்விடத்தில் விளக்கம் அவசியம். ஸிங்க் எனப்படுவது துத்தநாகம். அதனைக் கந்தக அமிலத்தில் இட்டால் ஹைட்ரஜன் வாயு வெளிப்படும். சோதிக்கப்படும் பொருளில் பாஷாணம் இருப்பின், அது அவ்வாயுவோடு கலந்து சென்று, சூடேற்றிய கண்ணாடிக் குழாயில் கறுப்பாகப் படியும். ஆகவே துத்தநாகம் மாசற்றதாக இருத்தல் வேண்டும். அதனை உறுதி செய்யும் பொருட்டு, முதலில் வெறும் நீரை இட்டு ஒரு வெள்ளோட்டம் பார்த்தல் வேண்டும்.

டாக்டர் சிவதாணு வெள்ளோட்டத்தைக் கைவிட்டுப் பல்லாண்டுகள் ஆயின. ஜெர்மனியிலிருந்து வந்த துத்தநாகம் அவரை ஒருபோதும் ஏமாற்றியதில்லை. யுத்தத்துக்குப் பின் அது அரிதாயிற்று. சந்தைத் துத்தநாகம் வந்தது.

வெள்ளோட்டம் வரவில்லை!

"அடி சக்கை," என்றார் யோசுவா. "நாளைக்குக் கோர்ட்டுல மழைத் தண்ணிய வச்சு இந்தக் கறுப்பைக் காட்டினாப் போதுமில்லியா?"

"போதாது சார். நான் கலந்துட்டேன்னு சொல்லிருவாரு. ஸிங்க் மோசம்னு ஒத்துக்கிட்டாலும், வயித்துலயும் விஷம் இருந்திருக்கும்னு ஊரு சொல்லிக்கிட்டே இருக்கும். கோர்ட்டுக் காவல்ல சீல் வச்ச இன்னொரு பாட்டில் இருக்குல்லா? அதே இரைப்பையில எடுத்த மிச்சப் பாதி. அது சுத்தம்னு காட்டணும். அதுக்கு நல்ல ஸிங்க் வேணும்."

"வாங்கிருவோம்."

"பம்பாய்ல இருந்து வர ஒரு மாசம் ஆகும். இந்த ஊருல ஒரே ஒரு குப்பிதான் உண்டு. டாக்டர் சாரு தன் சொந்த ஆராய்ச்சிக்குப் பூட்டி வச்சிருக்காரு. அலமாரிச் சாவி அவரு இடுப்புல."

"பின்னே?"

"கேட்டுப் பாக்கேன்."

* * *

டாக்டர் சிவதாணு கறுத்த குழாயை மேஜைவிளக்கின் கீழ்த் திருப்பிப் பார்த்தார். ஒருமுறை. மறுமுறை. பின்னர் அதனைக் குப்பைக்கூடையில் இட்டார்.

"இதை யாருகிட்டேயும் சொல்லல்லியே?"

"சொல்லாம ஒளிச்சு வைக்க இது என்ன கல்யாண ஆலோசனையா சார்?"

"பாரு சுசீலா. கொன்னது அந்தக் கிழவிதான். பாஷாணம் வாங்கினது அவ, சோறு போட்டது அவ. ஸிங்க் கொஞ்சம் மோசமாப் போனா உண்மை மாறிப் போயிருமா?"

"வாந்தியும் பேதியும் காலராவுக்கும் வரும் சார். உண்மையை நீங்க ஆரியசாலைல கேட்டுட்டு வந்து குழாய்க்குள்ள பாத்திருக்கீங்க."

டாக்டரின் முகம் சிவந்தது. ஆயினும் குரல் தணிந்தே வந்தது.

"களவு போனா இந்த ஊருல இன்னும் வெத்திலைல மை போட்டுப் பாக்கான். மந்திரவாதி கைகாட்டினவனக் கட்டி வச்சு அடிக்கான். நான் தொண்டை வத்தக் கத்தி, இப்பத்தான் கோர்ட்டு நம்ம குழாயை நம்பத் தொடங்கியிருக்கு. ஒரு தடவை தப்புன்னு ஒத்துக்கிட்டா, எல்லாவனும் திரும்ப மைக்காரன் வாசல்ல போய் நிப்பான். ஒரு சமையக்காரிக்காக சயன்ஸைப் பலி கொடுக்கணுமா?"

"நாமளும் மைதானே சார் போட்டிருக்கோம். அவனுக்கு வெத்திலை, நமக்குக் கண்ணாடி. அவ்வளவுதான் வித்தியாசம்."

அவள் கை நீட்டினாள். "அலமாரில இருக்கிற நல்ல ஸிங்கைத் தாங்க சார், மிச்சப் பாதியைச் சோதிப்போம்."

"அலமாரிச் சாவி தரமாட்டேன்," என்றார் டாக்டர்.

"தரவேண்டாம். நாளைக்கு நான் பிரதிவாதி சாட்சியாக் கூண்டுல ஏறுகேன். ஜட்ஜ் ஐயா குடிக்கிற வெள்ளத்தைக் கேட்டு வாங்குவேன். நம்ம ஜாடில இருக்கிற சந்தை ஸிங்கைப் போட்டு, அவரு கண்ணு முன்னால அதுல இருந்து பாஷாணம் எடுத்துக் காட்டுவேன்."

டாக்டர் அவளைக் கூர்ந்து நோக்கினார். அவருடைய விழிகள் ஒரு கணம் அலமாரியின் பக்கம் சென்று மீண்டன.

"ஜாடியை நானே கொண்டு வருவேன். உன் கை அதுல படக்கூடாது. கோர்ட்டுல ஏறினா, பின்னே நீ இந்தப் படி ஏற வேண்டாம். பொம்பளைக்கு வேற எவன் கதவு தொறப்பான்னு பாக்கலாம்."

"தொறக்கல்லேன்னா தட்டுவேன் சார். எனக்கு நல்லாத் தட்டத் தெரியும்."

அவள் வெளியேறினாள். தபாலாபீஸ் டெலிபோனில் யோசுவாவிடம் இரண்டே வாக்கியம் பேசினாள். யோசுவா முதலில் திகைத்தார். பின்னர் வாய்விட்டுச் சிரித்தார்.

அவ்விரு வாக்கியங்கள் யாவை? அது கோர்ட்டில் தெரியும்!

* * *

செவ்வாய்க்கிழமை. பிற்பகல். மழை ஓயவில்லை. கோர்ட்டு அறையில் ஆரியசாலை முழுவதும் குடையோடு நின்றது.

குற்றவாளிக் கூண்டில் முத்தாரம்மாள். சாட்சிக் கூண்டின் அருகே மேஜை. அதன்மீது குடுவை, குழாய், விளக்கு. டாக்டர் சிவதாணு ஜாடியைக் குழந்தையைப் போல் ஏந்தி வந்து இறக்கினார்.

சுசீலாபாய் நீதிபதியை நோக்கிக் கைகூப்பினாள். "ஐயா குடிக்கிற வெள்ளம் கொஞ்சம் வேணும்."

அறை திடுக்கிட்டது. நீதிபதி ஸ்ரீவராகம் அக்ரஹாரத்தவர். அவருடைய வெள்ளிக் கூஜாவை அயலார் தொட்டதில்லை.

நீதிபதி மூக்குக்கண்ணாடியைச் சரிசெய்தார். "ஏம்மா, இது என் ஆம்படையா கொடுத்தனுப்பின ஜலம். இதுல விஷம் வந்துடுத்துன்னா, கோர்ட்ல ஒரு கேஸ், ஆத்துல ஒரு கேஸ்னு ஆயிடும். யோசிச்சுண்டு கேளு."

"யோசிச்சாச்சு ஐயா."

நீதிபதியே எழுந்து வந்து, கூஜாவை உயரத் தூக்கி, குடுவையில் ஊற்றினார்.

அமிலம் விழுந்தது. துத்தநாகம் நுரைத்தது. விளக்கு குழாயைத் தீண்டியது. அனைவரும் எட்டிப் பார்த்தனர்.

கறுக்கவில்லை...

காத்திருந்தனர்.

கறுக்கவே இல்லை!

கண்ணாடி, கழுவி வைத்த கண்ணாடியாகவே இருந்தது. கூட்டத்தில் ஒருவன் சிரித்தான்; பின் நூறு பேர் சிரித்தனர். முத்தாரம்மாள் கண்களை மூடிக்கொண்டாள்.

"சங்கதி தீர்ந்துது," என்றார் சர்க்கார் வக்கீல்.

டாக்டர் சிவதாணு மீண்டும் கூண்டில் ஏற்றப்பட்டார். யோசுவா தோற்றவனைப் போலத் தலைகுனிந்து எழுந்தார்.

"டாக்டர், ஒரே ஒரு சந்தேகம். திரவியம் முதலாளி இரைப்பையைச் சோதிச்சதும் இதே ஸிங்க்தானா?"

"இதே ஜாடி. இதே ஸிங்க்."

"சத்தியப் பிரமாணத்துல சொல்லுகீங்க."

"பின்னே விளையாட்டுக்கா சொல்லுகேன்? எழுதிக்கிடுங்க."

எழுதப்பட்டது.

சுசீலாபாய் முன்வந்தாள். அவள் முகத்தில் தோல்வியின் சாயல் இல்லை.

"ஐயா, இந்த ஸிங்க் சுத்தம்னு டாக்டர் சாரே நிரூபிச்சுட்டாரு. எனக்கும் அதுல சந்தேகம் இல்ல. இனி சீல் வச்ச மிச்சப் பாதியை உடைச்சு, இதே ஸிங்க்ல சோதிக்கலாமா?"

"தாராளமா," என்றார் சர்க்கார் வக்கீல்.

டாக்டர் புன்னகைத்தார். ஏனெனில் விஷம் உண்டு என்பதை அவர் மனப்பூர்வமாக நம்பினார்!

முத்திரை உடைந்தது. இரைப்பையின் மிச்சம் குடுவையில் இறங்கியது. துத்தநாகம் நுரைத்தது.

கண்ணாடி கறுக்கவில்லை.

டாக்டரின் புன்னகை மறைந்தது. அவர் கூண்டிலிருந்து இறங்கி வந்தார். தாமே விளக்கின் சுடரை உயர்த்தினார். தாமே அமிலம் வார்த்தார். குழாயைக் கண்ணருகே பிடித்தார்.

கறுக்கவில்லை! கறுக்கவே இல்லை!

நீதிபதி மெல்லக் கேட்டார். "டாக்டர்வாள்... அன்னிக்கு வந்த விஷம் இன்னிக்கு எங்கே போச்சு?"

ஜாடி அதுவே எனில், அறிக்கை பொய். ஜாடி மாற்றப்பட்டது எனில், சத்தியம் பொய். மூன்றாவது வழி எந்தப் பாடநூலிலும் இல்லை.

டாக்டர் அமர்ந்துவிட்டார். "என்னை ஏமாத்திட்டே, சுசீலா."

"இல்ல சார். செய்யப் போறதை முந்தின நாளே உங்க முகத்துக்கு நேரே சொன்னேன். பயந்து நல்ல ஸிங்கை ஜாடில மாத்தினது நீங்க." அவள் நீதிபதியின் பக்கம் திரும்பினாள். "நான் வக்கீல் சாருகிட்டே சொன்னது இவ்வளவுதான் ஐயா. 'நல்ல ஸிங்கை டாக்டரே கோர்ட்டுக்குச் சுமந்துகிட்டு வருவாரு. கறுக்கல்லேன்னு ஊரு சிரிச்சா, நீங்க பதறாம அவரு வாயாலே அதே ஜாடின்னு எழுதி வாங்கிருங்க.'"



"சயன்ஸுக்கு இன்னைக்குப் பாலூத்திட்டே," என்றார் டாக்டர்.

"சயன்ஸுக்கு ஒரு கேடும் இல்ல சார். இன்னைக்குத்தான் அது ஒழுங்கா வேலை செஞ்சிருக்கு. இதுக்கு முன்ன நீங்க கைகாட்டி ஜெயிலுக்குப் போனவங்க பாட்டிலையும் திரும்ப எடுக்கணும். சந்தை ஸிங்க் மிச்சம் உங்க அறைல இருக்கும். ஐயா அதைக் கைப்பத்தச் சொல்லணும்."

"வேலை போச்சு. தெரியுமில்லியா?"

"அது நேத்தைக்கே போயாச்சு. போன வேலைக்கு இன்னைக்கு எதுக்குப் பயப்படணும்?"

நீதிபதி பேனாவை எடுத்தார். டாக்டரின் அறையைச் சோதனையிட உத்தரவு எழுதினார். சர்க்கார் வக்கீல் தமது காகிதங்களை மடித்து வைத்தார். எலிப்பாஷாணம் வாங்கிய கணக்கையும் ஊர்ப்பேச்சையும் தவிர அவரிடம் வேறு சாட்சியம் இல்லை. முத்தாரம்மாள் விடுதலை ஆனாள்!

கூண்டிலிருந்து இறங்கியவள் சுசீலாபாயின் கன்னத்தைத் தொட்டாள். "நல்லாயிரு மக்களே." பின்னர் நேராக டாக்டர் சிவதாணுவிடம் நடந்தாள். கூட்டம் விலகி வழிவிட்டது. சபிப்பாளா? அறைவாளா?

"சாருக்கு வீட்டுல சமையலுக்கு ஆளு வேணுமா?" என்று அவள் மிகவும் மரியாதையாகக் கேட்டாள்.

டாக்டர் வேண்டாமென்று அவசரமாகத் தலையசைத்தபோது, மணி சரியாக மாலை நான்கு பதினேழு.