கஞ்சி வரிசை

நேற்று பன்னிரண்டு பேர் நின்ற வரிசையில் இன்று பதினொரு பேர்தான் இருந்தார்கள்.

எண்ணியதில் தவறியிருப்போம் என்று துளசிராமன் நினைத்தான். கும்மிடிப்பூண்டியில் ஒரு காலிக் கிடங்கின் சன்னல்களைச் சாக்கால் மூடி, பட்டப்பகலில் புரொஜக்டரை ஓட்டிக்கொண்டிருந்தான். அறுபத்தாறாம் ஆண்டுப் புயலைப் பற்றி ஆறு வருடம் கழித்து ஓர் ஆவணப்படம். பழைய நியூஸ் ரீல்களில் தேவையான துண்டுகளைப் பொறுக்குவது அவன் வேலை. உப்பிய உடல்களை மூன்று மாதமாகப் பார்த்துப் பார்த்து மனம் மரத்துப்போயிருந்தது. இந்த ஒரு காட்சியில்தான் உயிருள்ளவர்கள் இருந்தார்கள். தட்டேந்திக் கஞ்சிக்கு நிற்கும் மீனவர்கள்.

அவர்களை அடையாளம் காட்டப் பழவேற்காட்டுக் குப்பத்திலிருந்து கங்கம்மா வந்திருந்தாள்.

“முன்னால நிக்கிறது நாகமுத்து. பின்னால வரதன். அப்பால எங்க ஊட்டுக்காரு.” குரலில் ஏற்ற இறக்கமே இல்லை.

“இப்ப எங்க இருக்காங்க? பேட்டி எடுக்கணும்.”

“இன்னா சார், புயல் அன்னிக்கே பூட்டாங்க. நாங்கதான் பொதைச்சோம்.”

படச்சுருள் டப்பாவில் ஒட்டியிருந்த சீட்டைப் பார்த்தான். புயல் அடித்து எட்டாம் நாள் எடுத்தது.

“இது முன்னாடியே எடுத்ததா இருக்கும்மா.”

“முன்னாடி எங்களுக்கு யாரு சார் கஞ்சி ஊத்துனா?”

விளக்கின் சூட்டில் கருகும் தூசி வாசனையோடு, எங்கிருந்தோ சேறும் நனைந்த வலைக்கயிறும் அழுகிய இறாலும் கலந்த நெடி மெல்ல மெல்லக் கிடங்கு முழுக்கப் பரவியது. திரையில் நாகமுத்து தட்டோடு நேரே நடந்து வந்தான். முகம் பெரிதாகி மங்க, திரையின் விளிம்பைத் தாண்டி வெளியேறினான். வரிசையில் இப்போது பத்துப் பேர்.

துளசிராமன் கருவியை நிறுத்தினான்.

“ஓட்டு சார். இன்னும் ஒருத்தர்தான். அப்பால அவுரு.”

வேண்டாம் என்று சொல்ல நினைத்தான். கை தானாகவே விசையைத் திருப்பியது. வரதன் வந்தான். போனான். அவள் புருஷன் வந்தான். போனான்.

கதவுக்கு வெளியே தகரம் உரசும் சத்தம்.

மீண்டும்.

கங்கம்மா எழுந்தாள். தாழ்ப்பாளை நீக்கினாள்.

உச்சி வெயில். நிழலே விழாமல் நால்வர், காலையிலேயே எண்ணிக்கையில் குறைந்திருந்தவனும் சேர்த்து. இடுப்புத் துணியிலிருந்து நீர் சொட்டிக்கொண்டே இருந்தது. அவர்களுக்குப் பின்னால், புதர்க்காட்டைத் தாண்டி, ஜி.என்.டி. ரோடு வரை ஆண்களும் பெண்களும் குழந்தைகளும் வரிசையாக நின்றார்கள்.

முதலில் நின்றவன் காலித் தட்டைத் துளசிராமனிடம் நீட்டினான்.